லிங்கன் எழுதாத கடிதம்

உங்கள் கேள்வியை என் சொற்களில் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொள்கிறேன். மகளின் பள்ளி ஆண்டு விழாவில் “ஆபிரகாம் லிங்கன் தம் மகனின் ஆசிரியருக்கு எழுதிய கடிதம்” வாசிக்கப்படவிருக்கிறது. அது லிங்கன் எழுதியதே அல்ல என்று உறவினர் ஒருவர் சொல்லிவிட்டார். அது பொய்யென்றால் மரக்குடிசையில் பிறந்தது, செருப்புத் தைப்பவரின் மகன் என்று ஏளனம் செய்யப்பட்டது, அடிமைகளை விடுவித்தது என்று பள்ளிப் பருவம் முதல் படித்துவந்தவற்றில் எதை நம்புவது என்று கேட்டிருக்கிறீர்கள். கடிதத்தைப் பற்றி மட்டும் என்றால் ஒரு வரியில் விடை சொல்லிவிடலாம். நீங்கள் உண்மையில் கேட்டிருப்பது, ஒரு மனிதரைச் சுற்றி இவ்வளவு கதை எப்படிச் சேர்கிறது, யார் சேர்க்கிறார்கள் என்பது. நான் கல்லூரியில் இருபத்தாறு ஆண்டுகள் அமெரிக்க வரலாறு நடத்தியவன். ஆவணக்காப்பகத்தில் உட்கார்ந்து மூலப்பிரதிகளை ஆராய்ந்தவன் அல்லன். அச்சான தொகுப்புகளையும் பிரதிகளையும் படித்துப் பாடம் சொன்னவன். அந்த அளவுக்குள் நின்று சொல்கிறேன்.

முதலில் கடிதம். உங்கள் உறவினர் சொன்னதுதான் சரி. லிங்கனின் கடிதங்கள், உரைகள், குறிப்புகள் ஆகியவற்றைத் திரட்டிய பெருந்தொகுப்பு 1953இல் எட்டுத் தொகுதிகளாக வெளிவந்தது. பிறகு துணைத் தொகுதிகளும் வந்தன. இரண்டு வரிக் குறிப்புச் சீட்டுகளுக்கும் அதில் இடம் உண்டு, இந்தக் கடிதத்துக்கு இல்லை. இல்லாத ஒன்றை இல்லை என்று கணிதம் போல நிறுவ முடியாது, நாளைக்கே ஒரு பரணிலிருந்து கைப்பிரதி கிடைக்கலாம் என்று வாதிடுவோர் உண்டு. ஆனால் கடிதத்தின் உள்ளேயே சான்று இருக்கிறது. லிங்கனுக்கு நான்கு மகன்கள். எட்வர்ட் 1850இல் நான்கு வயது நிரம்புமுன்பே இறந்துபோனான், வில்லி 1862இல் வெள்ளை மாளிகையிலேயே இறந்தான். மூத்தவன் ராபர்ட் எக்ஸெட்டர் பள்ளிக்கும் பிறகு ஹார்வர்டுக்கும் போனவன். கடைக்குட்டி டாட், வீட்டுக்கு வந்த ஆசிரியர்களை ஓட ஓட விரட்டியவன். தந்தை இறக்கும்போது அவனுக்குச் சரியாகப் படிக்கவே வராது, தந்தையும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அந்தக் கடிதம் காட்டும் மகனும் தந்தையும் இந்த வீட்டில் இல்லை. புத்தகத்தின் அற்புதத்தையும் வானத்துப் பறவைகளின் மர்மத்தையும் தோல்வியின் மாண்பையும் என் மகனுக்குக் கற்றுக்கொடுங்கள் என்று வரிசையாக அடுக்கும் அந்த நடையும் லிங்கனுடையதன்று. அவர் கடிதங்கள் பெரும்பாலும் சுருக்கமானவை, வக்கீலின் கடிதங்கள், ஏதாவது ஒரு காரியத்தை முன்னிட்டு எழுதப்பட்டவை. பல பேச்சுப் போட்டிகளுக்கு நடுவராகப் போயிருக்கிறேன். இந்தக் கடிதம் ஒலிக்காத ஆண்டு நினைவில் இல்லை, ஒவ்வோர் ஆண்டும் அதில் இரண்டொரு வரி கூடியிருக்கும். மெய்யான கடிதம் வளராது.

செருப்புக் கதையும் இந்த வகைதான். குடியரசுத் தலைவரான லிங்கன் செனட் சபையில் பேச எழுந்தாராம், செல்வர் ஒருவர் “உங்கள் தந்தை எங்கள் குடும்பத்துக்குச் செருப்புத் தைத்தவர் என்பதை மறந்துவிடாதீர்கள்” என்றாராம், லிங்கன் தந்தையின் தொழில்திறனைப் போற்றிப் பதில் சொல்லி அவையை வாயடைக்கச் செய்தாராம். தந்தை தாமஸ் லிங்கன் தச்சர், விவசாயி. கெண்டக்கியில் நில உரிமைப் பத்திரங்களில் ஏற்பட்ட வில்லங்கத்தால் நிலத்தை இழந்து 1816இல் இண்டியானாவுக்கும் 1830இல் இல்லினாய்க்கும் குடும்பத்தோடு பெயர்ந்தவர். மகன் குடியரசுத் தலைவராவதற்குப் பத்தாண்டுகள் முன்பே, 1851 ஜனவரியில் இறந்துபோனார். அவர் மரணப்படுக்கையில் இருந்தபோது மகன் எழுதிய மெய்யான கடிதம் ஒன்று நம் கையில் இருக்கிறது, மாற்றாந்தாயின் மகன் ஜான்ஸ்டனுக்கு 1851 ஜனவரி 12 தேதியிட்டு எழுதியது. மனைவி பிரசவத்துக்குப் பின் நோயுற்றிருக்கிறாள், வர இயலாது என்று சொல்லிவிட்டு, இப்போது நாங்கள் சந்தித்தால் அது மகிழ்ச்சியைவிட வலியைத்தான் தருமோ என்னவோ என்று தந்தையிடம் சொல்லச் சொல்கிறார். அடக்கத்துக்கும் அவர் போகவில்லை. தந்தைக்கும் மகனுக்கும் இடையே என்ன கசப்பு இருந்தது என்பதில் வரலாற்றாசிரியர்கள் பலவிதமாக ஊகிக்கிறார்கள். கசப்பு இருந்தது என்பதில் மட்டும் ஐயமில்லை. தந்தையின் தொழிலுக்காக அவையில் தலைநிமிர்ந்து நின்ற மகன் என்ற கதையை, சாவுக்குக்கூடப் போகாத மகனின் மேல் யாரோ போர்த்தியிருக்கிறார்கள். எந்தக் கையென்று தெரியாவிட்டாலும் எந்தத் தேவை என்று தெரிகிறது. பெற்றவனின் தொழிலைச் சொல்லி இழிவுபடுத்தப்பட்ட எவருக்கும் அந்தப் பதில் இனிக்கும்.

வகுப்பில் நான் திரும்பத் திரும்பச் சொல்லிவந்த ஒரு சோதனை இதுதான்: ஒரு கதை முதன்முதலில் எப்போது எழுத்தில் வந்தது, அப்போது அது யாருக்குத் தேவைப்பட்டது? இந்த இரண்டு கேள்விகளோடு போனால் லிங்கன் புராணத்தின் முதல் அத்தியாயத்தை எழுதியவர்களில் லிங்கனுடைய சொந்தக் கட்சிக்காரர்களே முன்னால் நிற்பது தெரியும். 1860 மே மாதம் இல்லினாயின் டிகேட்டர் நகரில் குடியரசுக் கட்சியின் மாநில மாநாடு நடந்தது. லிங்கனின் தாய்வழி உறவினரான ஜான் ஹாங்க்ஸ் இன்னொருவரோடு சேர்ந்து பழைய வேலிக்கட்டைகள் இரண்டைச் சுமந்து பந்தலுக்குள் வந்தார். 1830இல் லிங்கனும் ஹாங்க்ஸும் பிளந்த மூவாயிரம் கட்டைகளில் இவை இரண்டு என்று ஒரு பதாகை அதில் தொங்கியது. ஏற்பாடு செய்தவர் ரிச்சர்ட் ஓகில்ஸ்பி என்ற உள்ளூர் அரசியல்வாதி. கூட்டம் ஆர்ப்பரித்தது. மேடையில் இருந்த லிங்கன், இவற்றை நான்தான் பிளந்தேனா என்று சொல்ல முடியாது, ஆனால் இவற்றைவிட நல்ல கட்டைகளை நிறையப் பிளந்திருக்கிறேன் என்று சொன்னதாகப் பதிவாகியிருக்கிறது. அன்று முதல் அவர் ‘கட்டை பிளப்பவர்’. அன்றைய நிலையில் அவர் இல்லினாயின் பெயர்பெற்ற வழக்கறிஞர்களில் ஒருவர். இல்லினாய் சென்ட்ரல் இரயில்வேக்காக வாதாடி, கட்டணம் வராமல் அந்த நிறுவனத்தின் மேலேயே வழக்குத் தொடுத்து 5,000 டாலர் பெற்றவர். கோடரி பிடித்த கை என்பதும் உண்மை, 5,000 டாலர் வாங்கிய கை என்பதும் உண்மை. தேர்தலுக்கு முதலாவதுதான் பயன்பட்டது. கோடரி வேலையை அவர் விரும்பவேயில்லை, அதிலிருந்து தப்பிக்கத்தான் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டார் என்பது இதில் ஒரு சிறு வேடிக்கை.

ஆனால் கட்சிக்காரர்கள் கட்டிய பிம்பம் தேர்தல் பிம்பம்தான். உயிரோடிருந்த லிங்கனை யாரும் தெய்வமாக்கவில்லை. 1860இல் அவருக்குக் கிடைத்தது மொத்த வாக்குகளில் 40 விழுக்காட்டுக்கும் சற்றுக் குறைவு. தென் மாநிலங்கள் பத்தில் அவருக்கு வாக்குச்சீட்டே இல்லை. அவர் வென்றதையடுத்து தென் மாநிலங்கள் ஒன்றியத்திலிருந்து, அதாவது அமெரிக்க நாட்டிலிருந்து, பிரிந்துபோக, உள்நாட்டுப் போர் மூண்டது. பத்திரிகைகள் அவரைக் குரங்கென்றும் கோமாளியென்றும் கொடுங்கோலனென்றும் எழுதின. 1864 ஆகஸ்ட் 23 அன்று அவர் ஒரு தாளில், இந்த அரசு மீண்டும் தேர்ந்தெடுக்கப்படாது என்றே தோன்றுகிறது என்று எழுதினார். அப்படித் தோற்றால் புதியவர் பொறுப்பேற்பதற்குள் ஒன்றியத்தைக் காப்பாற்ற அவரோடு ஒத்துழைப்பது தம் கடமை என்றும் சேர்த்தார். பிறகு அதை மடித்து, உள்ளே இருப்பதைக் காட்டாமலேயே அமைச்சர்கள் அனைவரிடமும் பின்புறத்தில் கையெழுத்து வாங்கி வைத்துக்கொண்டார். செப்டம்பரில் தென்படையின் கையிலிருந்த அட்லாண்டா நகரம் வீழ்ந்தது, காற்று திசை மாறியது, நவம்பரில் சுமார் 55 விழுக்காடு வாக்குகளோடு வென்றார். அட்லாண்டா இரண்டு மாதம் தாக்குப்பிடித்திருந்தால் நாம் இன்று வேறொரு லிங்கனைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்போம், அல்லது பேசாமலே இருந்திருப்போம்.

அடுத்த ஏப்ரலில் எல்லாம் மாறியது. தென்படைத் தளபதி லீ சரணடைந்தது 1865 ஏப்ரல் 9, குருத்தோலை ஞாயிறு. ஐந்து நாள் கழித்து, ஏப்ரல் 14, ஃபோர்டு நாடக அரங்கில் நடிகர் ஜான் வில்க்ஸ் பூத் லிங்கனைச் சுட்டார். அன்று புனித வெள்ளி. மறுநாள் காலை 7.22க்கு உயிர் பிரிந்தது. அதற்கடுத்த நாள் ஈஸ்டர். வடமாநிலத் தேவாலயங்களின் போதகர்கள் எழுதி வைத்திருந்த ஈஸ்டர் பிரசங்கத்தைக் கிழித்துப்போட்டுவிட்டுப் புதிதாக எழுத உட்கார்ந்தால் கைக்கு என்ன வரும்? தம் மக்களின் பாவத்துக்காக இரத்தம் சிந்தியவர், வாக்களிக்கப்பட்ட நாட்டைத் தூரத்தில் கண்டும் உள்ளே நுழையாமல் போன மோசே. யாரும் சதி செய்து இதைப் புனையவில்லை. காலண்டரே புனைந்து கையில் கொடுத்துவிட்டது. இதே மனிதர் ஜூலை மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை காய்ச்சலில் இறந்திருந்தால் இந்த உவமைகளில் பாதி எழுந்திருக்காது என்பது என் துணிபு.

அவர் இறந்த அறையைச் சற்று நெருங்கிப் பாருங்கள். அரங்குக்கு எதிரே பீட்டர்சன் என்ற தையல்காரரின் வீடு, வாடகைக்கு விடும் பின்னறை. சுமார் பத்தடி அகலம், பதினேழடி நீளம். கட்டிலின் நீளம் போதாமல் ஆறடி நான்கங்குல உடலைக் குறுக்காகக் கிடத்தினார்கள். கட்டிலும் நாற்காலிகளும் போக நான்கைந்து பேர் நின்றாலே மூச்சு முட்டும் இடம். அந்தக் காட்சியைத் தீட்டிய ஓவியர்களோ, மந்திரிகள், தளபதிகள், மருத்துவர்கள், அழும் சீமாட்டிகள் என்று ஆளைக் கூட்டிக்கொண்டே போனார்கள். ஓவியம் ஒன்றில் நாற்பதுக்கும் மேற்பட்டோர் கட்டிலைச் சுற்றி நிற்கிறார்கள். ஆளுக்கேற்ப அறையும் ஓவியத்துக்கு ஓவியம் வளர்ந்தது. ரப்பர் அறை என்று வரலாற்றாசிரியர்கள் இதைக் கேலியாகச் சொல்வதுண்டு. யாரும் பொய் சொல்லாமலே இது நடந்தது: அந்த இரவு முழுவதும் வந்து போனவர்கள் பலர், ஒவ்வொருவரும் தாம் அங்கே இருந்ததாகச் சொன்னது உண்மை, ஓவியர் அத்தனை பேரையும் ஒரே கணத்தில் நிற்க வைத்துவிட்டார். தலைவர்களைப் பற்றிய நினைவு பெருகும் விதம் பெரும்பாலும் இதுதான் என்று எனக்குத் தோன்றும். அந்த அறையில் போர் அமைச்சர் ஸ்டான்டன் “இனி இவர் யுகங்களுக்கு உரியவர்” என்று சொன்னதாகப் படித்திருப்பீர்கள். அன்று காலையே எழுதப்பட்ட குறிப்புகளில் இந்த வாசகத்தைக் காண முடிவதில்லை. லிங்கனின் செயலாளர்கள் நிக்கோலேயும் ஜான் ஹேயும் 1890இல் வெளியிட்ட பத்துத் தொகுதி வரலாற்றின் வழியாகவே பரவியது. “தேவதூதர்களுக்கு உரியவர்” என்றுதான் சொன்னார் என்பாரும் உண்டு. இதைச் சந்தேகப் பட்டியலில் வையுங்கள்.

ஏப்ரல் 21 அன்று வாஷிங்டனிலிருந்து புறப்பட்ட சவ இரயில் ஏறக்குறைய 1,650 மைல் சுற்றி மே 3 அன்று அவருடைய சொந்த ஊரான இல்லினாயின் ஸ்பிரிங்ஃபீல்டை அடைந்தது. 1862இல் இறந்த மகன் வில்லியின் பெட்டியும் அதே வண்டியில் போனது. நகரம் நகரமாக இறக்கி, மக்கள் பார்வைக்கு வைத்து, மறுபடி ஏற்றினார்கள். நான்கு ஆண்டுப் போரில் ஏழு இலட்சத்தை நெருங்கும் உயிர்கள் போயிருந்தன. பலரின் உடல் வீடு திரும்பவேயில்லை. தன் பிள்ளையின் முகத்தைக் கடைசியாகப் பார்க்க முடியாதுபோன தாய்மார்கள் வரிசையில் நின்று இந்த ஒரு முகத்தைப் பார்த்துவிட்டுப் போனார்கள் என்பது என் வாசிப்பு. ஆவணம் இவ்வளவு தூரம் சொல்லாது. அதே ஆண்டில் கடைகளில் விற்ற படங்களில், மேகத்தின் மேல் முதல் குடியரசுத் தலைவர் வாஷிங்டன் கைநீட்டி லிங்கனை அணைத்து மகுடம் சூட்டுகிறார்.

இனி நீங்கள் கேட்ட பெரிய கேள்வி: அடிமைகளை விடுவித்தாரா? விடுவித்தார், ஆனால் பாடப்புத்தகம் சொல்வதுபோல ஒரே கையெழுத்தில் அல்ல. 1858 செப்டம்பரில் இல்லினாயின் சார்ல்ஸ்டன் ஊரில், செனட் பதவிக்குத் தம்மோடு போட்டியிட்ட ஸ்டீபன் டக்ளஸுடன் நடந்த விவாதத்தில், வெள்ளையருக்கும் கறுப்பருக்கும் சமூக, அரசியல் சமத்துவம் கொண்டுவரத் தாம் என்றுமே ஆதரவாளர் அல்லர் என்று சொன்னார். இது அச்சில் இருக்கிறது, மறுக்க வழியில்லை. 1862 ஆகஸ்டில் பத்திரிகை ஆசிரியர் கிரீலிக்கு எழுதும்போது, எந்த அடிமையையும் விடுவிக்காமல் ஒன்றியத்தைக் காக்க முடிந்தால் அப்படியே செய்வேன் என்றார். விடுதலைப் பிரகடனத்தின் வரைவு அப்போதே அவர் மேசைக்குள் இருந்தது. 1863 ஜனவரி 1 பிரகடனம் கலகம் செய்த பகுதிகளுக்கு மட்டுமே பொருந்தும், ஒன்றியத்தில் நிலைத்திருந்த அடிமை மாநிலங்களைத் தொடவில்லை. சட்டப்படி நாடு முழுவதும் அடிமைமுறையை ஒழித்தது 13ஆவது அரசியல் சட்டத் திருத்தம். அது மக்களவையில் நிறைவேற லிங்கன் கடுமையாக உழைத்தார், மாநிலங்களின் ஒப்புதல் முழுமையானபோது அவர் இறந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. மறுபக்கத்தில், அடிமைமுறை தவறில்லை என்றால் வேறு எதுவுமே தவறில்லை என்று 1864 ஏப்ரலில் எழுதியவரும் அவரே. பிரகடனம் வரும்வரை காத்திராமல் தோட்டங்களை விட்டு ஒன்றியப் படை முகாம்களுக்கு ஓடிவந்த ஆயிரக்கணக்கான அடிமைகளே அரசின் கையை முறுக்கினார்கள் என்பதும் இன்றைய வரலாற்றாசிரியர் பலர் ஏற்பது. இதில் லிங்கனின் பங்கு எத்தனை, அவர்களின் பங்கு எத்தனை என்பதில் கருத்து வேறுபாடு இன்றும் உண்டு, எனக்கும் முடிந்த முடிவில்லை.

இந்தச் சிக்கலை மிகத் தெளிவாகச் சொன்னவர் அவரை நேரில் அறிந்த ஒருவர் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. 1876 ஏப்ரல் 14, லிங்கன் சுடப்பட்ட பதினோராம் ஆண்டு நாள். விடுதலை பெற்ற அடிமைகள் தந்த பணத்தில் எழுப்பிய சிலையை வாஷிங்டனில் திறக்கிறார்கள். முதல் ஐந்து டாலர் கொடுத்தவர் சார்லட் ஸ்காட் என்ற, அடிமையாக இருந்த பெண். சிலையில் லிங்கன் நிற்கிறார், அவர் காலடியில் விலங்கறுந்த ஒரு கறுப்பர் மண்டியிட்டிருக்கிறார். பணம் கொடுத்தவர்களிடம் சிலை எப்படி இருக்க வேண்டும் என்று யாரும் கேட்கவில்லை. குடியரசுத் தலைவர் கிராண்ட் முன்வரிசையில் அமர்ந்திருக்க, தாமும் அடிமையாகப் பிறந்து தப்பியோடி வந்தவரான ஃபிரெடெரிக் டக்ளஸ் பேச எழுந்தார். (விவாதத்து டக்ளஸ் வேறு, இவர் வேறு.) திறப்பு விழாவில் யாரும் எதிர்பார்க்காத பேச்சு அது. லிங்கன் முதன்மையாக வெள்ளை மனிதரின் குடியரசுத் தலைவர் என்றார். நாங்கள் அவருக்குச் சொந்தப் பிள்ளைகள் அல்ல, மாற்றாந்தாய்ப் பிள்ளைகளாக இருந்தால் உண்டு என்றார். அடிமை ஒழிப்பாளர் நின்ற இடத்திலிருந்து பார்த்தால் அவர் தாமதமானவர், குளிர்ந்தவர், மந்தமானவர். அவருடைய நாட்டு மக்களின் மனநிலையை வைத்து அளந்தாலோ அவர் வேகமானவர், உறுதியானவர், தீவிரமானவர் என்றார். சிலைக்குக் கீழே நின்று, சிலையாகாத ஒரு மனிதரைப் பற்றிப் பேசிய பேச்சு. லிங்கனைப் பற்றி ஒரே ஒரு பக்கம்தான் படிக்க நேரம் உண்டு என்று மாணவர்கள் கேட்டால் நான் இதைத்தான் கொடுப்பேன். அந்தச் சிலையின் நகல் ஒன்று பாஸ்டனிலும் இருந்தது. 2020 டிசம்பரில் அதை எடுத்துவிட்டார்கள்.

டக்ளஸ் சொன்னதை நாடு நெடுங்காலம் கேட்க விரும்பவில்லை. வடக்கும் தெற்கும் சமாதானமாக வேண்டியிருந்தது, அந்தச் சமாதானத்துக்கு அடிமைகளை விடுவித்த லிங்கனைவிட ஒன்றியத்தைக் காத்த லிங்கன் வசதியாக இருந்தார். வாஷிங்டனிலுள்ள லிங்கன் நினைவகம் 1922 மே 30 அன்று திறக்கப்பட்டது. அவர் இறந்தபோதிருந்த 36 மாநிலங்களுக்கு 36 தூண்கள், உள்ளே 19 அடி உயரத்தில் அமர்ந்த சிலை, தலைக்கு மேல் கல்லில் வெட்டிய வாசகம்: யாருக்காக ஒன்றியத்தைக் காத்தாரோ அந்த மக்களின் இதயங்களில் போலவே இந்தக் கோயிலிலும் அவர் நினைவு என்றென்றும் நிலைபெற்றிருக்கிறது. கோயில் என்ற சொல் கல்லிலேயே இருக்கிறது. அடிமைமுறை என்ற சொல்லுக்கு அந்த வாசகத்தில் இடமில்லை. திறப்பு விழாவில் கறுப்பின விருந்தினர்களைத் தனிப் பகுதியில் அமர்த்தினார்கள். டஸ்கெகீ கல்வி நிறுவனத் தலைவர் ராபர்ட் மோட்டன் எழுதிக் கொடுத்த உரையில் காரமான பகுதிகளை முன்கூட்டியே நீக்கச் செய்தார்கள். 78 வயதான ராபர்ட் லிங்கன் கூட்டத்தில் இருந்தார். இந்த நினைவகத்தின் பொருள் அத்தோடு உறைந்து போயிருக்கலாம். 1939இல் கறுப்பினப் பாடகி மரியன் ஆண்டர்சனுக்கு வாஷிங்டனின் ஓர் அரங்கம் கதவடைத்தது. அவர் ஈஸ்டர் ஞாயிறன்று இந்த நினைவகத்தின் படிகளில் நின்று 75,000 பேர் முன் பாடினார். 1963 ஆகஸ்ட் 28 அன்று மார்ட்டின் லூதர் கிங் அதே இடத்தில் பேசினார். கல்வெட்டில் ஒரு எழுத்தும் மாறவில்லை. இன்று அங்கே போகிறவர் யாருக்கும் அது அடிமை விடுதலையின் நினைவிடமாகத்தான் தெரிகிறது. அடுத்த திருப்பமும் தாமதமாகவில்லை: 1968இல் கறுப்பினத்தவருக்கான முன்னணி இதழ் ஒன்று, லிங்கன் வெள்ளை மேலாதிக்கவாதியா என்ற கேள்வியையே தலைப்பாக்கிக் கட்டுரை வெளியிட்டது. அதற்கான சான்றுகளில் புதியது ஏதுமில்லை. சார்ல்ஸ்டன் பேச்சு 1858 முதலே அச்சில் இருந்ததுதான், எடுத்துப் படிக்கும் கை அப்போதுதான் வந்தது.

மரக்குடிசைக்கு வருகிறேன். 1809 பிப்ரவரி 12 அன்று கெண்டக்கியில் ஹாட்ஜன்வில் அருகே ஓரறை மரக்குடிசையில் பிறந்தார் என்பது உறுதி. அங்கே இன்று கிரேக்கக் கோயில் பாணியில் ஒரு பளிங்கு மண்டபம் உண்டு. அவர் வாழ்ந்த 56 ஆண்டுகளுக்கு 56 படிகள் ஏறிப்போனால் நடுவில் ஒரு சிறு குடிசை நிற்கிறது. அந்தக் கட்டைகளின் கதைதான் விசித்திரம். 1890களில் ஒரு வியாபாரி பழைய கட்டைகளை வாங்கி, லிங்கன் பிறந்த குடிசை என்று சொல்லிக் கண்காட்சிகளுக்குக் கொண்டுபோனார். போரில் தென் மாநிலங்களின் தலைவராக இருந்த ஜெஃபர்சன் டேவிஸ் பிறந்த குடிசை என்று இன்னொன்றும் கூடவே சுற்றியது, வழியில் இரண்டின் கட்டைகளும் கலந்துபோயின. மண்டபம் கட்டி முடித்தபோது குடிசை பெரிதாக இருந்ததால் மக்கள் சுற்றிவர இடம் விட்டு அதை வெட்டிச் சிறிதாக்கினார்கள். 2004இல் கட்டைகளின் ஆண்டு வளையங்களை எண்ணிப் பார்த்ததில், மிகப் பழையதே 1848ஐ ஒட்டியது என்று தெரிந்தது. அப்போது லிங்கனுக்கு முப்பத்தொன்பது வயது, வாஷிங்டனில் மக்களவை உறுப்பினர். தேசியப் பூங்காத் துறை இப்போது அதை அடையாளக் குடிசை என்றே அழைக்கிறது. மனிதர்கள் இன்றும் 56 படி ஏறிப் போய்ப் பார்க்கிறார்கள், நானும் வாய்ப்புக் கிடைத்தால் போவேன்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். போரில் மடிந்த வீரர்களின் இடுகாட்டில் ஆற்றிய புகழ்பெற்ற கெட்டிஸ்பர்க் உரையை இரயிலில் உறையின் பின்புறத்தில் கிறுக்கினார் என்பது பொய். முன்பே எழுதத் தொடங்கி, கவனமாகத் திருத்திய உரை அது, அவர் கையெழுத்தில் ஐந்து பிரதிகள் கிடைத்துள்ளன. “எல்லோரையும் எப்போதும் ஏமாற்ற முடியாது” என்ற வாசகம் அவர் எழுத்தில் எங்குமில்லை, 1880களில்தான் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. தோல்விமேல் தோல்வி கண்டு கடைசியில் குடியரசுத் தலைவரானார் என்று சுற்றும் பட்டியலில் தோல்விகள் பெரும்பாலும் நடந்தவை. 1834 முதல் நான்கு முறை தொடர்ந்து மாநில சட்டமன்றத்துக்கு வென்றதும் 1846இல் மக்களவைக்கு வென்றதும் பட்டியலில் விடுபட்டுப்போயின. கென்னடியோடு ஒப்பிடும் பட்டியலில் லிங்கனுக்குக் கென்னடி என்ற செயலாளர் இருந்தார் என்பது கற்பனை. ஐந்து மகன்களைப் போரில் இழந்த தாய் என்று திருமதி பிக்ஸ்பிக்கு 1864 நவம்பரில் போன ஆறுதல் கடிதம் நிஜமாகவே போனது. ஆனால் போரில் மடிந்தவர்கள் இருவர்தான், மூலப்பிரதி தொலைந்துவிட்டது, எழுதியவர் ஜான் ஹேயாக இருக்கலாம் என்ற வாதம் வலுவாக உள்ளது. இளமைக் காதலி ஆன் ரட்லெட்ஜின் கதை, அவள் இறந்து முப்பத்தோராண்டு கழித்து, லிங்கனின் தொழில் கூட்டாளி ஹெர்ண்டன் முதியவர்களிடம் விசாரித்துத் திரட்டியது. ஹெர்ண்டனுக்குத் திருமதி லிங்கனைக் கண்டால் ஆகாது என்பதையும் சேர்த்து எடைபோடுங்கள். இதற்கு நேர்மாறாக, பொய்போலவே ஒலிக்கும் தாடிக் கதை மெய். 1860 அக்டோபரில் நியூயார்க் மாநிலத்தின் வெஸ்ட்ஃபீல்டிலிருந்து கிரேஸ் பெடல் என்ற பதினொரு வயதுச் சிறுமி, உங்கள் முகம் மிகவும் ஒல்லி, தாடி வைத்தால் நன்றாக இருக்கும் என்று எழுதினாள். இதுவரை வைத்ததில்லை, இப்போது தொடங்கினால் வீண் பகட்டு என்பார்களே என்று அவர் பதில் எழுதினார். பிறகு வைத்துவிட்டார், பதவியேற்கப் போகும் வழியில் வெஸ்ட்ஃபீல்டில் இரயில் நின்றபோது அவளை அழைத்துக் காட்டவும் செய்தார். இரண்டு கடிதங்களும் தேதியோடு இருக்கின்றன.

உங்கள் மகளின் நிகழ்ச்சிக்கு ஒரு யோசனை. அந்தக் கடிதத்தை வாசிக்கத்தான் வேண்டுமென்றால் லிங்கன் பெயரை எடுத்துவிட்டு வாசிக்கட்டும். கருத்தில் கெடுதல் ஒன்றுமில்லை. மெய்யான கடிதமே வேண்டுமென்றால் 1860 ஜூலை 22 அன்று அவர் ஜார்ஜ் லேத்தம் என்ற இளைஞனுக்கு எழுதியது இருக்கிறது. லேத்தம், ராபர்ட்டின் நண்பன். ஹார்வர்டு நுழைவுத் தேர்வில் தோற்றுவிட்டான். நாட்டின் தலைமைப் பதவிக்கு வேட்பாளராக நின்றுகொண்டிருந்த நேரத்தில் லிங்கன் அவனுக்கு எழுதினார்: நீ ஹார்வர்டில் சேரவும் பட்டம் பெறவும் முடியும் என்பது திண்ணமான உண்மை, முயன்றுவிட்டாய், ஆகவே வென்றே தீரவேண்டும், ‘தீரவேண்டும்’ என்பதுதான் சொல். சிறிய கடிதம், இரண்டு நிமிடத்தில் வாசித்துவிடலாம், மொழிபெயர்க்கவும் எளிது. அதன் பிறகு என்ன ஆனது என்று யாராவது கேட்டால் மறைக்காமல் சொல்லச் சொல்லுங்கள்: லேத்தம் ஹார்வர்டில் சேரவில்லை, யேலில் சேர்ந்தான்.